ராத்தா கதவைப் பூட்டிய நாள்

எண்பதுகளின் தொடக்கத்தில் ஒரு காலை, என் மூத்த சகோதரி ராத்தாவின் கன்னம் வீங்கியிருந்தது. அவள் புருஷன், என் மச்சான், அவளை அடித்தது அது மூன்றாம் முறை. முதல் இரண்டு முறையும் ஊர் அவளுக்குப் பொறுமையைத்தான் உபதேசித்தது. இம்முறை அவள் யாரிடமும் முறையிடவில்லை. மச்சான் கடைக்குப் போனதும் அவருடைய சாரங்களை மடித்துப் பெட்டியில் அடுக்கி வாசலில் வைத்தாள். பூட்டு வாங்கி வந்தவள் நான்.

இலங்கையின் கிழக்கில் எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குச் சீதனமாகக் கொடுப்பது. ஆண் அதில் வந்து குடியிருப்பவர். கை ஓங்கும்போது மச்சானுக்கு அது மறந்துவிட்டது.

பகல் சோற்றுக்கு வந்தவர் கதவைத் தட்டினார்.

“கதவத் தொறகா!”

“இது எண்ட ஊடு. நீங்க ஒங்கட உம்மாட ஊட்டுக்குப் போங்க,” என்றாள் ராத்தா உள்ளிருந்து.

பெட்டியோடு அட்டாளைச்சேனைக்கு பஸ் ஏறினார். அங்கே உம்மாவின் வீடு தங்கைக்குச் சீதனமாகிப் பல வருஷம். தங்கையின் புருஷன், “எப்ப போறீங்க மச்சான்?” என்று தினமும் மரியாதையாக விசாரித்தாராம்.

நான்காம் நாள் பள்ளிவாசல் நிர்வாகியான மரைக்காயரைக் கூட்டிக்கொண்டு வந்தார்.

“கை பட்டுட்டு,” என்றார் முற்றத்தில் நின்று.

“பட்டதா, அடிச்சதா?” ராத்தா ஜன்னலால் கேட்டாள்.

“அடிச்சன்.”

“கேக்கல்ல மச்சான்,” என்றேன் நான். அவர் உரக்கச் சொல்ல வேண்டியதாயிற்று.

ராத்தா அன்றும் திறக்கவில்லை. ஒரு மாதம் கழித்து, இனிக் கை நீண்டால் மார்க்க நீதிபதி காழியாரிடம் போய் விவாகரத்துக் கேட்பேன் என்று மரைக்காயர் முன்னால் சொல்லிவிட்டுத்தான் திறந்தாள். மச்சான் பிறகு அவளை அடிக்கவில்லை. என்னோடு மட்டும் இரண்டு வருஷம் கதைக்கவில்லை. எனக்கு அது பெரிய நிம்மதி.