சேவியர் கூலியாள் இல்லை

எங்கள் அண்ணன் போய் ஓராண்டு ஆகிறது. நினைவு மலருக்கு ஏதாவது எழுதித் தரச் சொன்னார் அண்ணி. எனக்கு அலங்காரமாக எழுத வராது. நடந்ததை எழுதுகிறேன். கசந்தால் உறவினர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அண்ணன் பிறந்தது குடவாசலுக்குப் பக்கத்தில் ஒரு கிராமம். அப்பாவுக்குக் குத்தகை நிலம்தான். ஆற்றில் தண்ணீர் வராத ஒரு வருஷம் அண்ணன் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு டவுனுக்கு வந்து மூட்டை தூக்கினார். அந்தச் சம்பளத்தில்தான் நான் ஐடிஐ படித்தேன். தங்கையின் கல்யாணமும் நடந்தது. பிறகு நகராட்சி ஏலத்தில் மார்க்கெட் கடை ஒன்றை எடுத்தார். கோணி, கயிறு, தார்ப்பாய் வியாபாரம். கொள்முதல் நிலையத்தில் நெல்லைக் கொட்டி வைத்தவன் மழையைப் பார்த்து ஓடி வந்தால், அண்ணன் விலை பேச மாட்டார். "முதல்ல போய் மூடுடா, அப்புறம் வந்து பேரம் பேசு" என்று தார்ப்பாயைத் தோளில் போட்டு விரட்டுவார்.

பக்கத்துக் கடை சேவியருடையது. டார்ச் லைட், பேட்டரி விற்கிறார். ஞாயிற்றுக்கிழமை அவர் பூசைக்குப் போனால் அண்ணன் இரண்டு கடையையும் பார்த்துக்கொள்வார். அண்ணன் ஊருக்கு அறுப்புக்குப் போனால் சேவியர் பார்த்துக்கொள்வார். அந்த மார்க்கெட்டில் எல்லோரும் அப்படித்தான்.

ஒரு குறுவை அறுப்புக்கு அண்ணன் போயிருந்த நாளில் நகராட்சி ஆட்கள் ஆய்வுக்கு வந்தார்கள். அண்ணன் கடையில் சேவியர் கயிறு அளந்துகொண்டிருந்தார். ஒரு தாளை நீட்டினார்கள். அண்ணனுக்கு வரும் தபாலைக் கையெழுத்துப் போட்டு வாங்குகிற பழக்கத்தில், படிக்காமல் போட்டுக் கொடுத்தார். கடை அவருக்கு உள்வாடகைக்கு விடப்பட்டிருக்கிறது, அதை அவரே ஒப்புக்கொள்கிறார் என்று அதில் எழுதியிருந்தது. உள்வாடகைக்கு விட்டது விதிமீறல் என்று அண்ணனின் உரிமத்தை ரத்து செய்தார்கள்.

அதே மார்க்கெட்டில் பினாமி பெயரில் கடைகளை எடுத்து உள்வாடகைக்கு விட்டு, வீட்டில் உட்கார்ந்து தின்கிறவர்கள் யார் என்று ஊருக்கே தெரியும். அவர்களுக்கு ஒரு தாளும் போகவில்லை. ஒரு மாத வாடகைகூடப் பாக்கி வைக்காத என் அண்ணன்தான் கோர்ட் வாசலில் நின்றார்.

எங்கள் வக்கீல் ஒரு வழி சொன்னார். "சேவியர் உங்ககிட்ட கூலிக்கு இருக்கிறவர்னு சொல்லுங்க. ஆள் வச்சிக்கிறது உள்வாடகை ஆகாது. கேஸ் முடிஞ்சிது."

அண்ணன் முடியாது என்றார். சேவியரே வீட்டுக்கு வந்து கெஞ்சினார். "சொல்லிடுங்கண்ணே. கூலியாள்னா நான் தேஞ்சா போயிடுவேன்?"

"இத்தனை வருஷத்துல என்கிட்ட ஒரு டீக்காவது காசு வாங்கியிருக்கியா? கூண்டுல ஏறி உன்னைக் கூலியாள்னு நான் சொல்லணுமா? போடா, போய்க் கடையைப் பாரு."

"எந்தக் கடையைண்ணே?"

இரண்டு பேரும் சிரித்தார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"சம்பளம் இல்லாமல் ஒருவர் ஏன் உங்கள் கடையில் உட்கார வேண்டும்?" என்று கூண்டில் நின்ற அண்ணனிடம் நகராட்சி வக்கீல் கேட்டார். "நீங்க எங்க மார்க்கெட்டுக்கு வந்ததே இல்லையா சார்?" என்றார் அண்ணன். கேஸ் தோற்றது. சரக்கு உள்ளே இருக்கும்போதே கடைக்குச் சீல் வைத்தார்கள். அப்பீல் போட்டோம்.

அப்புறமும் அண்ணன் தினம் மார்க்கெட்டுக்குப் போய் சேவியர் கடை வாசலில் உட்கார்ந்திருப்பார். ஐப்பசியில் அடைமழை பிடித்துக்கொண்டது. தார்ப்பாய் கேட்டு வந்தவர்களுக்குச் சீலைத்தான் காட்ட முடிந்தது. "தார்ப்பாய் உள்ள காய்ஞ்சி கெடக்கு, நெல்லு வெளில நனையுது" என்று வீட்டில் அதையே சொல்லிக்கொண்டிருந்தார். சாப்பாடு குறைந்தது. அந்த மழை விடுவதற்குள் நெஞ்சு வலி வந்து போய்விட்டார்.

ஊர்வலம் மார்க்கெட் வழியாகப் போனது. எல்லாக் கடைக்காரர்களும் ஷட்டரை இறக்கினார்கள். அண்ணன் கடைக்கு இறக்க ஒன்றும் இல்லை. அதன் வாசலில் சேவியர் நனைந்துகொண்டு நின்றார். எங்கள் சொந்தத்தில் ஒருவர் "கையெழுத்துப் போட்டே கொன்னுட்டியே" என்று அவர் முகத்துக்கு நேரே சொன்னார். அன்றிலிருந்து சேவியர் எங்கள் வீட்டு வாசல் மிதிக்கவில்லை. கருமாதிக்கும் வரவில்லை.

அண்ணனை ஆஸ்பத்திரிக்குத் தூக்கி ஓடிய மார்க்கெட் சுமைதூக்கிகளுக்கும், ஃபீஸ் வாங்காமல் அப்பீலை நடத்தும் வக்கீலுக்கும், அண்ணியைத் தனியாக விடாத எங்கள் தெருப் பெண்களுக்கும் எங்கள் குடும்பம் கடன்பட்டிருக்கிறது. நகராட்சிக்கும் ஒரு மலர் அனுப்புவேன். படித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டு வாங்கட்டும்.

முதல் மலரைத் திதியன்று காலையில் நானே சேவியரிடம் கொண்டுபோய்க் கொடுக்கப் போகிறேன். திதியை அண்ணன் மகன் கொடுத்துக்கொள்வான். சேவியர் அண்ணே, நீங்க வீட்டுக்குப் போங்க. அண்ணி உங்களுக்கு இலை போட்டு வைத்திருப்பார். சாப்பிட்டு மெதுவாக வாங்க. அதுவரை உங்க கடையில் நான் உட்காருகிறேன்.