நாற்பத்தைந்து நாள் மாதம்

போடி பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். ஆதார் கார்டை முன்னும் பின்னும் நகலெடுப்பது என் பிழைப்பு. இரண்டு நிலவுகள் உள்ள ஒரு பேரரசைப் பற்றி நாவல் எழுதுவது என் கிறுக்கு. இதுவரை நாவல் எண்பது பக்கம் வந்திருக்கிறது. அந்த உலகத்துக்கான காலண்டர் நூற்றிருபது பக்கம்.

போன வருஷம் முழுக்க அந்தக் காலண்டரோடுதான் குடும்பம் நடத்தினேன். வாரத்துக்கு ஒன்பது நாள். மாதத்துக்கு நாற்பத்தைந்து நாள். எட்டு மாதம் போக மிஞ்சும் ஐந்து நாள் எந்த மாதத்திலும் சேராது. அந்த நாட்களில் யாரும் வேலைக்குப் போகக் கூடாது. வானத்தில் இரண்டு நிலவு இருந்தும் வருஷம் மட்டும் எப்படி நம்மூர்க் கணக்கில் முடிகிறது என்று ஒருவரும் கேட்கவில்லை. கேட்பதற்கு யாராவது படித்திருக்க வேண்டுமே.

நாற்பத்தைந்து என்ற எண் எனக்குத் தானாகவே தோன்றியது. அதில் எனக்கு ஏகப்பட்ட பெருமை. பெரிய தாளில் வண்ணத்தில் அடித்து, லேமினேஷன் போட்டு, கடைச் சுவரில் மாட்டினேன். ரேஷன் கார்டு நகலெடுக்க வந்த ஒரு பெரியவர் வெகுநேரம் அதை உற்றுப் பார்த்தார். நம் பெருமை தெரிந்த ஒருவர் வந்துவிட்டார் என்று நிமிர்ந்து உட்கார்ந்தேன். "இதுல ராகு காலம் எங்கப்பா போட்டிருக்கு?" என்றார்.

மிச்சமிருந்த ஒரே வாசகி என் மனைவி. விடிவதற்குள் ஜீப்பில் மலைக்கு ஏறி, ஏலக்காய்த் தோட்டத்தில் காய் எடுத்துவிட்டு, சாயங்காலம் இறங்குகிறவள். ஞாயிற்றுக்கிழமைதான் கையில் சிக்குவாள். அப்படி ஒரு ஞாயிறு மத்தியானம் அவளை உட்கார வைத்து வாசித்துக் காட்டினேன். காலை நீட்டி, முழங்காலில் எண்ணெய் தேய்த்தபடி கேட்டாள். கதையில் லயித்துப்போய்த்தான் காலை நீட்டிவிட்டாள் என்று நினைத்துக்கொண்டேன்.

"ஒரு மாசத்துக்கு எத்தன நாளுன்னீங்க?"

"நாப்பத்தஞ்சு."

"அது எங்க எடுப்புக் கணக்கால்ல இருக்கு. ஒரு செடியில காய் எடுத்துட்டுப் போனா, மறுபடி அதே செடிக்கு நாப்பத்தஞ்சு நாள் கழிச்சுத்தான வருவோம்."

பதினைந்து வருஷமாக இந்த வீட்டில் முதல் எடுப்பு, ரெண்டாவது எடுப்பு என்று அவள் பேசியதெல்லாம் என் காதில் விழுந்து, ஊறி, கடைசியில் என் கற்பனையாக வெளியே வந்திருக்கிறது. ஜீப்பில் நெருக்கியடித்துப் போகிற அத்தனை பெண்களுக்கும் தெரிந்ததை நான் புதிதாகக் கண்டுபிடித்து லேமினேஷனும் போட்டிருக்கிறேன். கொஞ்சம் அசடு வழிந்தது. சமாளிப்பதற்காக வேகமாக அடுத்த அத்தியாயத்துக்குப் போனேன்.

அதில் ராணி ராஜாவிடம் சொல்வாள்: "மூன்றாம் அறுவடை முடிந்ததும் என்னை வைத்தியரிடம் அழைத்துச் செல்லுங்கள்." அறுவடை முடிந்த மறுநாளே ராஜா தேர் பூட்டுவார். நான் எழுதியதிலேயே உருக்கமான இடம் அது. குரலைக்கூடக் கொஞ்சம் தழுதழுக்க விட்டேன்.

அவள் தேய்ப்பதை நிறுத்தினாள். "கூட்டிட்டுப் போயிட்டாராக்கும்?"

"மறுநாளே."

"குடுத்து வச்சவ." எண்ணெய்க் கிண்ணத்தைத் தள்ளி வைத்தாள். "நான் சொன்ன மூணாவது எடுப்பு முடிஞ்சு பன்னெண்டு நாளாச்சுங்க."

அப்போதுதான் ஞாபகம் வந்தது. சரிவில் இறங்கும்போது முட்டி மடங்க மாட்டேன் என்கிறது, மூணாவது எடுப்பு முடிந்ததும் மதுரைக்குக் கூட்டிட்டுப் போங்க என்று அவள் சொல்லியிருந்தாள். நான் சரி என்று உடனே குறித்தும் வைத்தேன். குறித்தது நாவல் நோட்டில். வாசகம் நன்றாக இருந்ததால் ராணிக்குக் கொடுத்துவிட்டேன். எனக்கு வெட்கமாக இருந்தது.

மறுநாள் கடையைப் பூட்டிவிட்டு மதுரை பஸ் ஏறினோம். ஆஸ்பத்திரி வாசலில் இரண்டு படி ஏறுவதற்கு அவள் என் தோளைப் பிடித்துக்கொண்டாள். இவ்வளவு கனமாகப் பிடிப்பாள் என்று நான் நினைக்கவில்லை.

"வலி எவ்வளவு நாளா இருக்கு?" என்று டாக்டர் கேட்டார். தேதி, கணக்கெல்லாம் என் துறை அல்லவா, முந்திக்கொண்டு, "ஒரு நாலு மாசமா," என்றேன்.

"இல்லைங்க," என்றாள் அவள். "போன வருசம் முத எடுப்புலருந்து."

அந்த நாட்கள் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கின்றன. என் முதல் மாதத்துக்குப் பெயர் தேடிக்கொண்டிருந்தேன். அவள் இரண்டு தடவை என்னவோ சொல்ல வந்தாள். கொஞ்சம் சும்மா இரு, சோலியாக இருக்கிறேன் என்று சொன்னேன்.