சின்னவன் வேஷம்

செத்துப்போன அண்ணனின் காக்கிச் சட்டையைப் போட்டுக்கொண்டு டிராயிங் மாஸ்டர் தன் அம்மாவின் எதிரில் போய் நின்றபோது, கேமரா என் கையில் இருந்தது. எண்பதுகளின் தொடக்கம் அது. திண்டுக்கல்லில் இருவரும் ஒரே பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்தோம். எனக்கு அறிவியல், அவருக்கு ஓவியம். ஆனால் அவருக்கு உயிர் எட்டு எம்.எம். படங்கள்தான். நிலக்கோட்டைப் பூச்சந்தையில் தரகராக, பஸ் ஸ்டாண்டில் சாமியாராக வேஷம் கட்டி நடமாடுவார். சந்தேகமே இல்லாமல் அவரோடு பேசும் ஜனங்களை நான் மறைந்து நின்று படம் பிடிக்க வேண்டும். ஆசிரியர் அறையில் எங்களுக்குக் கிறுக்கர்கள் என்று பெயர். மெட்ராஸில் நடந்த படப் போட்டிகளுக்கு அனுப்பிய சுருள்கள் பிரிக்கப்படாமலே திரும்பி வந்தன. அவர் அசரவில்லை.

“ஒரு ஆளுன்னா யாரு சார்? பாக்குறவன் யாருன்னு நம்புறானோ, அவன் மட்டுந்தானா?” என்பார். இல்லை என்று பதில் கிடைக்க வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை. அதற்காகவே கடைசிக் காட்சியை அம்மாவுக்கு ஒதுக்கியிருந்தார். “என்ன வேஷம் போட்டாலும் பெத்தவ கண்டுபிடிச்சிருவா சார். அங்கதான் படம் முடியுது.”

லாரி ஓட்டிய அண்ணன் வடமதுரைப் பக்கம் விபத்தில் இறந்ததிலிருந்து, கிராமத்தில் மகள் வீட்டில் இருந்த அந்தம்மாவுக்கு நினைவு முன்பின்னாகத்தான் இருந்தது. சோறும் சரியாக இறங்குவதில்லை. இந்தக் காட்சி வேண்டாம் என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. அண்ணனைப் போலவே தொண்டையைச் செருமிக்கொண்டு மாஸ்டர் உள்ளே போனார். அந்தம்மா நிமிர்ந்து பார்த்தார். “பெரியவனே, இம்புட்டு நாளா எங்கடா போன?” என்று மகனைக் கைபிடித்து உட்கார வைத்துச் சோறு போட்டு, தானும் ஒரு தட்டில் போட்டுச் சாப்பிட்டார்.

அதன் பிறகு அந்தச் சட்டையைக் கழற்ற வழியில்லாமல் போயிற்று. பள்ளிக்கூடம் விட்டதும் மாஸ்டர் பஸ் ஏறிப்போய் அண்ணனாக உட்காருவார். அவர் வந்தால்தான் அந்தம்மா சாப்பிடுவார். கேட்பதெல்லாம் ஒன்றுதான். “சின்னவன் எங்கடா? எனக்குக் கொள்ளி வைக்கிறவன் அவன்தானே?” அப்பாவுக்கு மூத்தவனும் அம்மாவுக்கு இளையவனும் கொள்ளி வைப்பது எங்கள் பக்கத்து வழக்கம். “வாரான்மா” என்பார் சின்னவன்.

தாங்க முடியாமல் ஒருநாள், அண்ணனைப் போல வைத்திருந்த மீசையை மழித்துவிட்டுத் தன் சொந்த வெள்ளைச் சட்டையில் போனார். கேமராவோடு என்னையும் அழைத்துப் போனார். “அம்மா, சின்னவன் வந்திருக்கேன்.” அந்தம்மா உற்றுப் பார்த்துவிட்டுச் சிரித்தார். “ஏலே பெரியவனே, தம்பி மாதிரி வந்து என்னைய ஏமாத்துறியாக்கும்?” என்று கன்னத்தில் தட்டினார். எத்தனையோ வேஷத்தில் ஊரையே நம்ப வைத்தவர், தான்தான் என்று நம்ப வைக்க முடியாமல் நின்றார். அந்த இடத்தில் படம் ஆடும். சுருளில் குரல் கிடையாது. இப்போது அதைப் பார்க்கும் என் மகள், பிள்ளையைக் கண்டதில் அந்தப் பாட்டிக்கு என்ன சந்தோஷம் என்கிறாள்.

அந்த வருஷமே அந்தம்மா போய்ச் சேர்ந்தார். முந்தின நாள்கூடச் சின்னவன் வந்துவிட்டானா என்று கேட்டிருக்கிறார். மொட்டையடித்துக்கொண்டு மாஸ்டர்தான் கொள்ளி வைத்தார். முறைப்படி இளையவன் செய்துவிட்டான் என்று சொந்தக்காரர்கள் திருப்தியாகக் கலைந்தார்கள். சுடுகாட்டிலிருந்து திரும்பி நடக்கையில் மாஸ்டர் என் பக்கத்தில் வந்தார்.

“நான் வந்தது அம்மாவுக்குத் தெரியாது சார்” என்றார்.