டிவி இரைச்சலும் மாமாவின் வளைந்த கையும்

மணலில் பொரி வறுக்கும்போது எழுமே, அந்தச் சத்தம்தான். "சொர்ர்ர்" என்று ஓயாமல் கேட்டுக்கொண்டே இருக்க, கண்ணாடித் திரை முழுக்கக் கறுப்பும் வெள்ளையுமாய்ப் புள்ளிகள் துடிக்கும். எங்கள் எம்.கே.பி. நகர் குடியிருப்பில் அதற்கு "பொரி வுடுது" என்று பெயர். படம் பொரி வுட ஆரம்பித்ததும் கூடியிருக்கும் அத்தனை தலைகளும் மொட்டை மாடி இருக்கும் திசைக்கு நிமிரும்.

அந்த டிவி ஏகாம்பரம் மாமாவுடையது. அம்மாவின் கூடப்பிறந்த தம்பி. நாங்கள் இரண்டாவது மாடி, அவர் எங்களுக்கு மேலே மூன்றாவது மாடி. இழுத்து மூடும் மரக்கதவு வைத்த அந்தப் பெட்டிதான் எங்கள் பிளாக்கிலேயே முதல் டிவி என்பதால், ஞாயிற்றுக்கிழமைப் படத்துக்குப் பாயோடு வந்து இடம்பிடிக்கும் கூட்டத்தின் நடுவே மாமா கல்யாண மாப்பிள்ளை மாதிரி உட்கார்ந்திருப்பார். ஆன்டெனா மொட்டை மாடியில் நின்றது. அதற்குப் பக்கத்திலேயே என் அப்பாவின் புறாக் கூண்டு இருந்தது. வம்பு அங்கேதான் பிறந்தது.

அப்பா ஹார்பரில் சரக்குத் தூக்கும் கலாசி. பகலெல்லாம் இரும்புச் சங்கிலியோடு மல்லுக்கட்டிவிட்டு வருபவர், கைகால் கழுவியதும் நேரே மாடிக்குத்தான் போவார். அவர் வளர்த்ததெல்லாம் "ஹோமர்" ஜாதி. கூடையில் வைத்து ரயிலேற்றி ஆந்திராப் பக்கம் கொண்டுபோய்ப் பறக்கவிட்டால், யாரும் வழி சொல்லாமலே வீடு வந்து சேரும் பந்தயப் புறாக்கள். அவற்றில் சாம்பல் நிறப் பெட்டை ஒன்றுக்கு "சிலேட்டு" என்று பெயர். எங்களை ஒரு நாளும் கொஞ்சாத அப்பாவின் வாய் சிலேட்டை மட்டும் கொஞ்சும்; எனக்கு வயிறு எரியும், ஆனாலும் அதைக் கையில் வாங்கி அதன் நெஞ்சு துடிப்பதை உணரும்போது அந்தப் பொறாமை போன இடம் தெரியாது.

புறாக்களுக்கு ஆன்டெனாக் கம்பிதான் வாகான இடம். உட்கார்ந்து எழுந்து கம்பியெல்லாம் வெள்ளைப்பூச்சு ஆகிவிடும். மண்ணெண்ணெய்த் துணியால் மாமா துடைத்துப் பார்த்தார், கம்பியை நாலு பக்கமும் திருப்பிப் பார்த்தார், பொரி நின்றபாடில்லை. கூண்டைத் தூக்கச் சொல்லி அப்பாவிடம் சண்டைக்குப் போனார், அப்பா காதிலேயே வாங்கவில்லை. கடைசியில் ஒரு நாள், அப்பா வேலைக்குப் போன சமயத்தில், புறாக்களைக் கோணிப்பையில் அள்ளிக்கொண்டு பஸ் ஏறி, பொன்னேரியில் பறக்கவிட்டு வந்தார். அவர் திரும்பி வந்து பஸ்ஸை விட்டு இறங்குவதற்குள் அவை ஆன்டெனாவில் வந்து உட்கார்ந்துவிட்டன. பிளாக்கே விழுந்து விழுந்து சிரித்தது. அப்பாவும் சிரித்தார். "ஓங்கோல்லேந்து வர்ற பட்சிடா அது. பொன்னேரியெல்லாம் அதுக்குத் தெருமுனை."

அந்தச் சிரிப்பு மாமாவுக்குள்ளேயே கிடந்து புகைந்திருக்க வேண்டும். சில வாரம் கழித்து ஒரு கிரிக்கெட் மேட்ச். கடைசி ஓவர், மூச்சு விடாமல் உட்கார்ந்திருக்கிறோம், படம் பொரி வுட்டது. கூட்டத்தில் எவனோ, "ஏகா, உன் விருந்தாளிங்க வந்துட்டாங்க" என்றான். மாமா எழுந்து மாடிக்கு ஓடினார். நான் பின்னாலேயே ஓடினேன்.

கழுத்தைத் திருகும்போது பச்சைக் குச்சி ஒடிவதுபோல் ஒரு சத்தம் வரும். அதை அன்று திரும்பத் திரும்பக் கேட்டேன். குஞ்சுகளைச் சுவரில் அடித்தார். முட்டைகள் காலடியில் நொறுங்கின. சிலேட்டு மட்டும் தப்பிப் பறந்தது. போ, போய்விடு என்று நான் கத்தினேன். தண்ணீர்த் தொட்டியைச் சுற்றிவிட்டு அது தன் கூண்டுக்கே வந்து இறங்கியது. திரும்பி வரத்தானே அதற்குத் தெரியும்! நான் மாமாவின் கையைக் கடித்துப் பிடித்தேன், என்னை உதறி எறிந்துவிட்டு அதன் கழுத்தையும் திருகினார். பிறகு ரத்தக் கையோடு இறங்கிப்போய் டிவி முன்னால் உட்கார்ந்தார். "சொர்ர்ர்" என்று அது கேட்டுக்கொண்டே இருந்தது. ஒவ்வொருவராக எழுந்து போய்விட்டார்கள்.

சாயங்காலம் வந்த அப்பா மாடிக்குப் போய்க் கூண்டைப் பார்த்தார். ஆன்டெனாக் குழாயை வேரோடு பிடுங்கி எடுத்துக்கொண்டு மாமா வீட்டுக்கு இறங்கினார். விழுந்த அடி ஒவ்வொன்றும் மாடிப்படியில் கேட்டது. குறுக்கே பாய்ந்த அம்மாவின் புருவம் கிழிந்தது; தடுக்கத் தூக்கிய மாமாவின் வலது கை முழங்கைக்குக் கீழே முறிந்து தொங்கியது. அழுது, கத்தி, எல்லாரும் ஓய்ந்த பிறகு அந்த வீட்டில் டிவி இரைச்சல் மட்டும் பாக்கி இருந்தது.

மாமா திருவொற்றியூருக்குக் குடிபோய்விட்டார். எலும்பு கோணலாகவே கூடியது. அப்பா சாகும்வரை இருவரும் பேசவில்லை. சாவுக்கு வந்த மாமா தெருமுனையிலேயே நின்று அழுதுவிட்டுப் போனார்.

நான் இப்போது ராயபுரத்தில் அறிவியல் டீச்சர். அப்பா போன பிறகுதான், ஒரு பாடத்துக்காகப் புரட்டிய பக்கத்தில் அதைப் படித்தேன். கடல் தாண்டிய ஒரு நாட்டில் இரண்டு விஞ்ஞானிகள், பெரிய கொம்பு மாதிரி ஓர் ஆன்டெனாவை வானத்தை நோக்கி வைத்தார்கள். எந்தப் பக்கம் திருப்பினாலும், எந்தப் பருவத்திலும், ஒரே இரைச்சல். உள்ளே புறாக்கள் கூடு கட்டியிருந்தன. எச்சத்தைச் சுரண்டிக் கழுவினார்கள், புறாக்களைப் பிடித்துத் தொலைவூருக்கு அனுப்பினார்கள், அவை திரும்பி வந்தன, சுட்டுக் கொன்றார்கள். இரைச்சல் அப்படியே இருந்தது. பிரபஞ்சம் நெருப்பாய்ப் பிறந்தபோது எழுந்த ஒளி, அது விரிய விரியத் தானும் நீண்டு குளிர்ந்து, எல்லாத் திசையிலிருந்தும் இன்னும் நம்மேல் விழுந்துகொண்டிருக்கிறது. அவர்கள் கேட்டது அதைத்தான். எங்கள் திரையில் துடித்த புள்ளிகளிலும் ஒரு சிறு பங்கு அதுதானாம். வந்த கோபத்தில் நான் புத்தகத்தை மூடிவிட்டேன்.

இன்று எம்.கே.பி. நகர் மாடிகளில் ஆன்டெனா இல்லை, அப்பாவின் கூண்டு இருந்த இடத்தில் டிஷ் தட்டுகள் நிற்கின்றன. போன மாதம் மாமாவைப் பார்க்கப் போனேன். சுவரில் மாட்டிய டிவியில் படம் நின்றுபோய்த் திரை நீலமாகி, சத்தமே இல்லாமல் கிடந்தது. அதைப் பார்த்துக்கொண்டே அந்த விஞ்ஞானிகள் கதை முழுவதையும் சொன்னேன்.

"சுட்டதுக்கு அப்பறமும் பொரி வுட்டுதா?" என்று கேட்டார்.

"வுட்டுது மாமா."

"அந்த ஆளுங்கள யார்னா அடிச்சாங்களா?"

இல்லை, உலகமே மதிக்கிற பரிசைக் கொடுத்தார்கள் என்றேன்.

மாமா வளைந்த கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, எலும்பு புடைத்த இடத்தைக் கொஞ்ச நேரம் தடவினார்.

"அப்போ அதுங்களுக்காவ அடிச்சது உங்கப்பன் ஒருத்தன்தான்" என்றார்.