அவளுக்கு மட்டும் கை தட்டினோம்

ஆசிரியர் தினத்தன்று எங்கள் பள்ளியில் ஒரு வழக்கம் உண்டு. பத்தாம் வகுப்புப் பெண்கள் அவரவர் அம்மாவின் புடவையைக் கட்டிக்கொண்டு வந்து, அரை நாள் ஆசிரியைகளான எங்களுக்குப் பதிலாகப் பாடம் எடுப்பார்கள். நாங்கள் பெஞ்சில் உட்கார்ந்து மாணவிகளாக நடிப்போம். யார் எந்த டீச்சராக வருவது என்று ஒரு வாரம் முன்பே சண்டை நடக்கும். இந்த வருடம் என் வேடத்தில், அறிவியல் டீச்சராக வந்தவள் வகுப்பில் முதல் மார்க் வாங்குகிற பெண்.

வந்ததும் வராததுமாக, தாமதமாக வந்த ஒருத்தியை வாசலிலேயே நிறுத்தி, "நான் ஜோலார்பேட்டைல ரயில் ஏறி கரெக்டா வர்றேன். ஆம்பூர்லயே இருக்கிற உனக்கு இன்னா கேடு?" என்றாள். வகுப்பே அதிர்ந்தது. நான் அதை வாரத்துக்கு இரண்டு தடவையாவது சொல்கிறவள். கண்ணாடியைத் தலைமேல் ஏற்றிவிட்டு அதையே மேசையில் தேடுவதையும் அவள் விட்டுவைக்கவில்லை. எனக்குச் சிரிப்பு தாங்கவில்லை. பக்கத்திலிருந்த பெண் என் முதுகைத் தட்டிவிட்டாள்.

பிறகு கேள்வி கேட்க ஆரம்பித்தாள். சவ்வூடு பரவல் பாடம். முன் பெஞ்சைப் பார்த்து, "ஏன்? எப்படிச் சொல்றே? அது இல்லேன்னா இன்னா ஆகும்? யோசி, யோசி" என்று விரலைச் சொடுக்கினாள். அதுவும் நான்தான். அப்புறம் மெல்ல நடந்து கடைசி பெஞ்சுக்குப் போனாள். தலையை ஒரு பக்கம் சாய்த்தாள். காய்ச்சலில் படுத்திருக்கும் குழந்தையிடம் பேசுகிற குரலில், "தண்ணி உள்ள போகுதில்லம்மா, அதுக்குப் பேர் இன்னாடா கண்ணு?" என்றாள்.

கடைசி பெஞ்சுப் பெண் எழுந்து, "சவ்வூடு பரவல், மிஸ்" என்றாள்.

"வெரி குட்! எல்லாரும் கை தட்டுங்க!"

கை தட்டல் கூரையைப் பிய்த்தது. சிலர் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தார்கள். வெட்கமில்லாமல் சொல்கிறேன், நானும் ஒரு நொடி சிரித்தேன். அப்புறம்தான் அந்தப் பெண்ணைப் பார்த்தேன். ரயில்வே கேட்டில் வண்டி கடந்து போகக் காத்திருப்பவர் மாதிரி, கை தட்டல் முடியும்வரை பெஞ்சின் விளிம்பைத் தடவிக்கொண்டு நின்றாள். முடிந்ததும் உட்கார்ந்தாள். அவள் முகத்தில் கோபமோ அழுகையோ இல்லை. பழகிப்போன முகம் அது.

நடித்துக் காட்டியவளிடம் துளி வஞ்சம் கிடையாது. பார்த்ததைச் செய்தாள். முன் பெஞ்சில் எவள் சரியாகச் சொன்னாலும் நான் 'ம்' என்று அடுத்த கேள்விக்குப் போய்விடுவேன். ஜூன் மாதத்திலிருந்து அந்தக் கடைசி பெஞ்சுப் பெண் ஒருத்திக்குத்தான் வகுப்பைக் கை தட்டச் சொல்லிக்கொண்டிருக்கிறேன். எனக்கு அன்றுவரை அது தெரியாது. வகுப்பில் மற்ற எல்லாருக்கும் தெரிந்திருந்தது.

அவள் வீட்டில் உருது பேசுவார்கள். அப்பாவுக்குத் தோல் தொழிற்சாலையில் வேலை, அம்மாவுக்கு ஷூ கம்பெனியில் தையல் மெஷின். கடைத்தெருவில் அவள் பேசுகிற தமிழைக் கேட்டால் யாரும் குறை சொல்ல முடியாது. பாடப்புத்தகத் தமிழ்தான் வாயில் சிக்கும். ஜூன் மாதம் ஒரு நாள், வேர் எப்படி நீரை உறிஞ்சுகிறது என்று அவளைக் கேட்டேன். "மண்ணுல பானி ஜாஸ்தி, வேர்ல கம்மி, அதனால..." என்று ஆரம்பித்தவள், தண்ணீரை உருதுவில் 'பானி' என்றதற்கு எழுந்த சிரிப்பில் அப்படியே நின்றுவிட்டாள். முகம் சிவந்துபோயிற்று. பாவம், இனி இந்தப் பெண்ணை இப்படி மாட்டிவிடக் கூடாது என்று அன்றைக்கு முடிவெடுத்தேன். அவள் சொல்ல வந்த பதில் சரி. அதை நான் காதில் வாங்கவில்லை. வாங்கியது சிரிப்பைத்தான்.

அந்தச் சமயத்தில்தான் வேலூரில் எங்களுக்குப் பயிற்சி நடந்தது. வந்திருந்த கருத்தாளர் பலகையில் ஒரு படிக்கட்டு வரைந்தார். கீழ்ப் படியில் யார், எது, பெயர் என்ன. அதற்கு மேலே ஏன், எப்படி. இன்னும் மேலே, இரண்டையும் ஒப்பிட்டுப் பார், நீயாக இருந்தால் என்ன செய்வாய். ஒவ்வொரு குழந்தையையும் படிப்படியாக மேலே ஏற்றுங்கள் என்றார். நானும் தலையாட்டிவிட்டு, மதிய பிரியாணியும் சாப்பிட்டுவிட்டு வந்தேன். வந்து என்ன செய்தேன்? படிக்கட்டில் பிள்ளைகளை ஆளுக்கொரு படியில் உட்கார வைத்துவிட்டேன். புத்திசாலிகள் மேலே. மற்றவர்கள் நடுவில். அவள் கீழே, பத்திரமாக, விழ முடியாத இடத்தில். பாடத்திட்டத்தில் 'மாணவர் நிலைக்கேற்ற வினாக்கள்' என்று பெருமையாக எழுதியும் வைத்தேன்.

ஆசிரியர் தினத்துக்கு அப்புறமாவது மாறினேனா என்றால், இல்லை. காலாண்டுத் தேர்வு வந்துகொண்டிருந்தது, பாடம் முடிக்க வேண்டும், ஒவ்வொருத்தியாக யோசிக்கவிட்டுக் காத்திருக்க நேரமில்லை என்று எனக்கு நானே சாக்குச் சொல்லிக்கொண்டேன். தலையைச் சாய்ப்பதை மட்டும் நிறுத்தினேன்.

தேர்வில் அவள் ஒரு மதிப்பெண் கேள்விகள் எல்லாவற்றுக்கும் சரியாக எழுதியிருந்தாள். பெரிய கேள்விகளில் ஓரிரு வரியோடு நின்றிருந்தது. பெற்றோர் கூட்டத்துக்கு அவள் அம்மா அரை நாள் லீவு போட்டுவிட்டு வந்தார்.

"கிளாஸ்ல நீங்க கேக்கறதுக்கெல்லாம் கரெக்டா சொல்றாளாம். தினம் கை தட்டறாங்கன்னு பக்கத்து கிளாஸ்ல படிக்கிற அவ தங்கச்சி சொல்றா. அப்புறம் பரீட்சைல மார்க் எங்க மேடம் போவுது? எனக்கு ஒரே பேஜாரா இருக்கு."

"வீட்டுல கொஞ்சம் தமிழ் பேசுங்கம்மா. வாசிக்கச் சொல்லுங்க" என்றேன்.

உண்மை தெரிந்த பிறகு சொன்ன வார்த்தை அது. அந்த அம்மா, "செய்றேன் மேடம்" என்று குற்றவாளி மாதிரி தலையாட்டிவிட்டுப் போனார். அந்தத் தலையாட்டலை நினைத்தால் இன்றைக்கும் எனக்குச் சோறு இறங்க மாட்டேன் என்கிறது.

அடுத்த நாளே தலைமையாசிரியை கூப்பிட்டார். எங்கள் பள்ளியில் 'மெல்ல மலர்வோர்' என்று ஒரு மாலை வகுப்பு நடக்கிறது. பேர் அழகாகத்தான் இருக்கிறது. ஒல்லியான ஒரு கையேட்டைக் கொடுத்து, சின்னச் சின்னக் கேள்விகளை மட்டும் மனப்பாடம் செய்யவைத்துத் தேறும் அளவுக்கு மார்க் வாங்கவைப்போம். அந்த வகுப்புக்குப் போகிறவர்களுக்குப் பதினொன்றில் சயின்ஸ் குரூப் கிடையாது. யாரும் எழுதி வைக்கவில்லை, ஆனால் கிடையாது. "அந்தப் பொண்ணையும் ஈவினிங்ல போட்டுடலாமா டீச்சர்? பாஸாவது ஆவட்டும்" என்றார் தலைமையாசிரியை. யோசித்துச் சொல்கிறேன் என்றேன்.

மறுநாள் வகுப்பில் நுழைந்ததும், பரிகாரம் செய்கிற வேகத்தில் அவளை எழுப்பினேன். "உப்புத் தண்ணி ஊத்துனா செடி ஏன் வாடுது? நீ சொல்லும்மா."

அவள் எழுந்தாள். என்னைப் பார்த்தாள், பக்கத்தில் இருந்தவளைப் பார்த்தாள். கண் கலங்கிவிட்டது.

"மிஸ், நான் இன்னா தப்பு பண்ணேன்?"

எனக்கு முதலில் விளங்கவில்லை. அப்புறம் உறைத்தது. ஜன்னல் வழியே வேடிக்கை பார்க்கிறவளை, பின்னால் குசுகுசுவென்று பேசுகிறவளை எழுப்பி, அவளுக்குத் தெரியாத கஷ்டமான கேள்வியாகப் பார்த்துக் கேட்பதுதானே எங்கள் எல்லோருடைய வழக்கம்? கடைசி பெஞ்சுக்கு 'ஏன்' என்ற கேள்வி தண்டனையாக மட்டும்தான் போயிருக்கிறது. ஒரு தப்பும் செய்யாமல் தண்டனை வந்ததால் அவள் பயந்துவிட்டாள்.

இடைவேளையில் அவளை நிறுத்தி, தப்பு உன்னுடையது இல்லை என்றேன். அவள் அதை நம்பினாளோ என்னவோ, சட்டென்று வேறு விஷயத்துக்குத் தாவினாள். "என்னை ஈவினிங் கிளாஸ்ல போட்டுடாதீங்க மிஸ். எனக்கு சயின்ஸ் குரூப் வேணும். ரத்தம் டெஸ்ட் பண்ற லேப்ல வேலைக்குப் போணும்." அம்மாவுக்குச் சர்க்கரை. வேலூருக்கு அழைத்துப் போகும்போதெல்லாம், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் குழாய்களை அடுக்குகிறவர்களைப் பார்த்துக்கொண்டே நிற்பாளாம். இத்தனை மாதத்தில் அவள் என்னிடம் பேசிய நீளமான பேச்சு அதுதான். தமிழ் எங்கேயும் சிக்கவில்லை.

அதற்குப் பிறகு முறையை மாற்றினேன். யார் பெயரையும் சொல்லாமல் கேள்வியைப் பலகையில் எழுதிவிடுவேன். பக்கத்தில் இருப்பவளோடு எந்த மொழியில் வேண்டுமானாலும் பேசு, அப்புறம் யாரை வேண்டுமானாலும் கேட்பேன் என்றேன். சொல்ல லேசாக இருந்தது. சும்மா நின்று காத்திருப்பது எனக்கு உயிர் போகிற காரியம். வாய் துறுதுறுவென்று பதிலை எடுத்துக் கொடுக்கப் பார்க்கும். முன் பெஞ்சுக்காரிகள், "டைம் வேஸ்ட் ஆவுது மிஸ்" என்று முணுமுணுத்தார்கள். அவளோ எழுந்தால் இரண்டு சொல்லோடு நிறுத்திக்கொண்டாள். அந்தக் குட்டி பதிலுக்கு மேல் அவளிடம் ஒன்றுமில்லை என்று அவளையே நாங்கள் நம்பவைத்திருந்தோம். தலைமையாசிரியை வெள்ளிக்கிழமைக்குள் முடிவு சொல்லுங்கள் என்றுவிட்டார்.

வெள்ளிக்கிழமை பலகையில், 'உப்புத் தடவிய தோல் ஏன் அழுகுவதில்லை?' என்று எழுதினேன். தோல் தொழில் நடக்கும் ஆம்பூரில் இதைப் பார்க்காத பிள்ளை கிடையாது. வகுப்பு முழுக்கச் சளசளவென்று பேச்சு. அடங்கியதும் அவளைக் கேட்டேன்.

"கிருமிக்கு உப்பு பிடிக்காது, மிஸ்."

முன் பெஞ்சில் யாரோ களுக்கென்றாள். எனக்கு உள்ளே பொசுக்கென்று ஆகிவிட்டது. அந்தப் பழைய குரல் தானாகத் தொண்டையில் வந்து உட்கார்ந்துகொண்டது. "பரவால்லடா கண்ணு, நல்லா ட்ரை பண்ணே, உக்காரு" என்றேன். பழக்கதோஷத்தில் நாலைந்து பேர் கை தட்ட ஆரம்பித்தார்கள்.

அவள் உட்காரவில்லை. திரும்பி, "கை தட்டாதீங்கடி" என்றாள். அப்புறம் என்னைப் பார்த்தாள்.

"முன் பெஞ்சுல அவங்க தப்பா சொன்னா, ஏன் அப்படி நினைக்கிறேன்னு கேப்பீங்கல்ல மிஸ்? எனக்கும் கேளுங்க."

எனக்கு முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. "ஏன் அப்படி நினைக்கிறே?" என்று கேட்டேன். கேட்டுவிட்டு வாயை மூடிக்கொண்டு நின்றேன்.

"தோல் லாரி போனா ரோடு ஃபுல்லா தண்ணி சொட்டுதுல்ல மிஸ். மழையே இல்லாதப்பவும் சொட்டும். உப்புதான் தோல்லேர்ந்து பானிய வெளிய இழுக்குது." 'பானி' என்றதும் ஒரு நொடி நிறுத்தினாள். யாரும் சிரிக்கவில்லை. "அதே மாதிரி கிருமி உடம்புல இருக்கிற பானியையும் இழுத்துடும். உள்ள பானி இல்லன்னா அது எப்படி உயிரோட இருக்கும்? அதான் பிடிக்காதுன்னு சொன்னேன்."

ஐந்து மதிப்பெண் பதில் அது. நான் கேட்காமல் விட்டிருந்தால் ஒரு மதிப்பெண்கூட வாங்காமல் உட்கார்ந்திருக்கும்.

மதியம் தலைமையாசிரியையிடம் போய், அவளை மாலை வகுப்பில் போட வேண்டாம் என்றேன். "அரையாண்டுல மார்க் வரலேன்னா?" என்றார். "என்னைக் கேளுங்க" என்றேன். அவர், "அரையாண்டு வரைக்கும்தான்" என்றார். அரையாண்டு இன்னும் வரவில்லை. எழுத்துத் தமிழில் அவள் இன்னும் திணறுகிறாள். ஆறு மாத வேலையைச் சில வாரத்தில் செய்யப் பார்க்கிறோம். சயின்ஸ் குரூப் கிடைக்குமா என்று எனக்குச் சத்தியமாகத் தெரியாது.

அந்த வெள்ளிக்கிழமையே அவள் அம்மாவுக்கு போன் செய்தேன். ஷூ கம்பெனியில் டீ நேரம். பின்னால் பெண்கள் பேசுகிற சத்தம் கேட்டது. வீட்டில் தமிழ் பேசாததால் மார்க் போகவில்லை, யோசித்துச் சொல்கிற கேள்வியை நான் அவளிடம் கேட்கவே இல்லை, சின்னக் கேள்வியாகக் கேட்டுக் கை தட்டவைத்துக்கொண்டிருந்தேன், தப்பு என்னுடையது என்று ஒரே மூச்சில் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டினால் எனக்கும் கொஞ்சம் பாரம் குறைந்திருக்கும்.

அவர் திட்டவில்லை. நான் சொன்னதை ஒவ்வொன்றாகத் திருப்பிச் சொல்லிப் பார்த்தார். பிறகு நிதானமாகக் கேட்டார்.

"ஒண்ணாங்கிளாஸ்லேர்ந்தே அவளுக்குக் கை தட்டுவாங்க மேடம். அப்ப, எல்லா டீச்சரும் இப்படித்தான் கேட்டாங்களா?"

ஒரே சொல்லில் பதில் சொல்லிவிடக்கூடிய கேள்விதான். 'ஆமாம்' என்ற அந்த ஒரு சொல் என் வாயிலிருந்து வருவதற்குள் அவருடைய டீ நேரம் முடிந்து மணி அடித்துவிட்டது.