கறுப்பு உருண்டை

தொண்ணூறுகளின் நடுவில், கோவை சிங்காநல்லூரில் ஒரு நூற்பாலையில் நான் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். பஞ்சுத் தூசி ஒத்துக்கொள்ளாமல் எனக்கு இழுப்பு வந்துவிட்டது. படுத்தால் மூச்சு முட்டும். சுவரில் சாய்ந்து உட்கார்ந்தபடியேதான் தூக்கம். ஊசி, மாத்திரை எதுவும் முழுசாகக் கேட்கவில்லை. அந்தியூர் தாண்டி ஒரு கிராமத்தில் இழுப்புக்கு மருந்து கொடுக்கும் பெரியவர் ஒருவர் இருக்கிறார் என்று கேள்விப்பட்டு, என் மாமியார்தான் என்னை அழைத்துப் போனார்.

மிளகு அளவில் கறுப்பு உருண்டைகள். தேனில் குழைத்துச் சாப்பிட வேண்டும். ஒரே மாதத்தில் இழுப்பு போன இடம் தெரியவில்லை. தெருவெல்லாம் அவர் பெருமையை மாமியார் பேசினார், நானும்தான் பேசினேன். நிறுத்தினால் திரும்ப வந்துவிடும் என்று அவர் சொன்னதால், இரண்டு மூன்று வருடம் விடாமல் வாங்கிச் சாப்பிட்டேன்.

முதலில் நெஞ்சும் முதுகும் கறுத்தன. கறுத்த இடத்தில் வெள்ளை வெள்ளையாகப் புள்ளிகள், புழுதியில் தூறல் விழுந்த மாதிரி. பிறகு உள்ளங்கையிலும் பாதத்திலும் சின்னச் சின்ன முடிச்சுகள் கிளம்பிச் சொரசொரவென்று கெட்டியாகிவிட்டன. மில்லில் நூலைப் பிடித்தால் கையில் சிக்கி அறுந்துபோகும். என்னோடு சாப்பிட்டவர்கள் ஒவ்வொருவராகத் தள்ளி உட்கார்ந்தார்கள். ஒருநாள் மேஸ்திரி தரையைப் பார்த்துக்கொண்டே, "கொஞ்ச நாளைக்கு ஊட்டுல இருந்து உடம்பைப் பாத்துக்கங்க அம்மணி" என்றார். அந்த மில்லுக்குள் நான் மறுபடி போகவே இல்லை.

குஷ்டம் என்று யாரும் என் முன்னால் சொல்லவில்லை. ஆனால் வீட்டில் எனக்கென்று தனித் தட்டும் தனி டம்ளரும் வந்தன. அதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன். என் மகளுக்கு அப்போது நாலு வயது. அவளுக்குத் தலை பின்னச் சீப்பை எடுத்தேன். "உடு, நான் பின்னிக்கறேன். புள்ளையத் தொடாத கண்ணு" என்றார் மாமியார். பக்கத்திலேயே இருந்த என் கணவர் சட்டையை மாட்டிக்கொண்டு லேத் பட்டறைக்குக் கிளம்பிவிட்டார்.

மறுநாள் தனியாகவே பஸ் ஏறி ஆஸ்பத்திரிக்குப் போனேன். தோல் டாக்டரம்மா பஞ்சால் தொட்டும் ஊசியால் குத்தியும் உணர்ச்சி இருக்கிறதா என்று சோதித்தார். பிறகு என் கையைத் தன் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். என்னை யாராவது தொட்டு எத்தனையோ மாதம் ஆகியிருந்தது. அங்கேயே அழுதுவிட்டேன்.

"அழாதீங்க. இது குஷ்டம் இல்லீங்க. நாட்டு மருந்து ஏதாச்சும் ரொம்ப நாளாச் சாப்பிடறீங்களா?"

உருண்டையோடு என் நகத்தையும் முடியையும் பரிசோதனைக்கு அனுப்பினார். முடிவு வந்தது. ஆர்செனிக் என்றார். பாஷாணம். மருந்தோடு மருந்தாகக் கொஞ்சம் கொஞ்சமாக உடம்பில் ஏறியிருக்கிறது. "யாருக்கும் தொத்தாதுங்க. மருந்தை இன்னைக்கே நிறுத்திருங்க. ஆனா தோல் பழையபடி ஆயிரும்னு நான் சொல்ல மாட்டேன். ஆறாத புண்ணு எது வந்தாலும் உடனே வந்துருங்க" என்றார்.

வீட்டில் சொன்னேன். "அவரு மருந்துல விசமா? விசம்னா நீ உசுரோட இருப்பியா?" என்று மாமியார் கத்தினார். "தொத்தாதுன்னு சொல்லீட்டாங்கல்ல, உடும்மா" என்றார் கணவர். அவருக்கு அவ்வளவுதான் விஷயம். மகளைக் கை நீட்டிக் கூப்பிட்டேன். அவள் என்னிடம் வராமல், வரலாமா என்று என் மாமியாரின் முகத்தைப் பார்த்தாள்.

அந்த ஆத்திரத்தோடு மறுவாரம் அந்தியூர் போனேன். வழக்கம்போல அந்தப் பெரியவர் வீட்டு வாசலில் பெரிய வரிசை. முன்னால் ஒரு இளம் தாய். இடுப்பில் இருந்த குழந்தைக்கு நெஞ்சு கீச்கீச்சென்று சத்தம் போட்டது. அவளிடம் இரண்டு கையையும் விரித்துக் காட்டினேன். "ஏனுங்க, இந்த மருந்தத் தின்னுதான் என்ற கை இப்படி ஆயிருச்சுங்க. குழந்தைக்கு வாங்கிப்போடாதீங்க."

அவள் குழந்தையை முந்தானையால் மூடிக்கொண்டு விலகினாள். "பெருநோய்க்காரிய யாருப்பா உள்ள உட்டது?" என்று பின்னாலிருந்து ஒரு குரல்.

பெரியவர் கோபப்படவே இல்லை. "இழுப்பு நின்னுச்சுங்களா, இல்லீங்களா அம்மணி?" என்று கேட்டார்.

"நின்னுச்சுங்க, ஆனா..."

"கேட்டுக்கிட்டீங்களா?" என்று வரிசையைப் பார்த்துச் சொல்லிவிட்டு, அந்தத் தாயின் உள்ளங்கையில் பொட்டலத்தை வைத்தார்.

டாக்டரம்மா மேலிடத்துக்குப் புகார் எழுதியதாகச் சொன்னார். ஒன்றும் நடந்த மாதிரி தெரியவில்லை. அந்தப் பெரியவர் வயதாகிச் செத்தபோது நல்ல கூட்டமாம். என் மாமியாரும் போய் மாலை போட்டுவிட்டு வந்தார். என் சுண்டு விரலில் வந்த புண் ஆறாமல், நுனியை வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. உள்ளங்கை இன்றும் கரடுதான்.

விஷம் கொடுத்தவர் மேல் இருந்த கோபம்கூட ஆறிவிட்டது. என்னைக் கண்டு ஒதுங்கி அவரிடம் கை நீட்டிய அந்த வரிசையைத்தான், ஒரு காலத்தில் நானும் அதில் நின்றவள்தான் என்று தெரிந்தும், இன்றுவரை மன்னிக்க முடியவில்லை.