மண்டூர் அழகுராணி மேடையேறிய கதை

மண்டூர் வதனிக்கு அழகுராணிப் பட்டம் கிடைத்தபோது வயது இருபத்தொன்று. பாசிக்குடாவில் ஒரு ஹோட்டலின் புல்வெளியில், கடற்காற்றுக்கு மேடைத் திரை படபடக்க, ‘கிழக்கின் எழிலரசி’ என்று சொல்லி அவள் தலையில் கிரீடம் வைத்தார்கள். போட்டிக்குப் பெயர் கொடுத்தது அவளுடைய தோழி. தாய் கண்ணகைக்கு விஷயம் மறுநாள்தான் தெரிய வந்தது, அதுவும் வாவியைக் கடக்கும் படகில் யாரோ கைபேசியில் படத்தைக் காட்டியபோது.

“வடிவாத்தான் இருக்காய்,” என்றாள் கண்ணகை வீட்டுக்கு வந்து. “ஆனா முதுகு முழுக்கத் தெரியுதே மகள்.”

அதற்கு மேல் அவள் ஏசவில்லை. பேசி வைத்திருந்த கல்யாணம் ஒன்று அந்த முதுகால் நின்றுபோனபோதும், “போனாப் போகட்டும்” என்றுவிட்டு வயல்வட்டைக்குப் புல் பிடுங்கப் போய்விட்டாள்.

பட்டத்தோடு வேலையும் வந்தது. நகரத்துப் புடவைக்கடை ஒன்று தன் விளம்பரங்களுக்கு வதனியை அமர்த்திக்கொண்டது. கடைக்காரருக்கு அவளுடைய முகத்தைவிட, இடுப்புக்குக் கீழே இறங்கிய கூந்தல்தான் பிடித்தது. “முடிய முன்னுக்குப் போடுங்க. ஓம், அப்பிடியே நில்லுங்க. சிரிங்க.” நான்கு வருடம் வதனி நின்றாள், திரும்பினாள், சிரித்தாள். கடைத் திறப்பு விழாக்களில் நாடா வெட்டினாள். ஒருநாள் வேலை முடிந்து பஸ்ஸில் வரும்போது, அன்று முழுவதும் தான் ஒரு வார்த்தைகூடப் பேசவில்லை என்பது அவளுக்கு உறைத்தது. யாரும் அவளிடம் எதையும் கேட்டிருக்கவில்லை.

அந்தச் சமயத்தில்தான் ஸுஹைனா டீச்சர் அழைத்தார். ஏறாவூர்க்காரர். பாடசாலையில் நாடகம் படிப்பிப்பவர், சொந்தமாக ஒரு சிறிய நாடகக் குழுவும் வைத்திருந்தார்.

“நான் பொய் சொல்ல மாட்டன்,” என்றார் டீச்சர். “உங்கட முகத்தப் பார்க்க சனம் வரும். வந்த சனத்த இருத்தி வெக்கிறது உங்கட வேல.”

நாடகம், குவைத்துக்கு வீட்டு வேலைக்குப் போய் வந்த ஒரு பெண்ணைப் பற்றியது. தன் அயலில் இருக்கும் ஸாலிஹா சொன்ன கதைகளை வைத்து டீச்சர் எழுதியிருந்தார். அதன் உச்சக் காட்சியில் எசமானி அந்தப் பெண்ணின் கூந்தலைக் கத்தரித்துவிடுவாள். அந்தப் பெண்ணாக நடிக்கச் சம்மதித்த வதனி, அதற்காகத் தன் கூந்தலைச் சுருட்டி இறுக்கிக் கட்டி, மேலே குட்டை முடி டோப்பா ஒன்றை வைத்து, முக்காட்டால் மூடிக்கொள்வாள். முக்காட்டை இழுத்தால் வெட்டிய தலை தெரியும் என்பது ஏற்பாடு.

முதல் மேடை கொக்கட்டிச்சோலையில். முக்காட்டை இழுத்தபோது டோப்பாவும் சேர்ந்து வந்துவிட்டது. கட்டு அவிழ்ந்து கூந்தல் முழுவதும் முதுகில் சரிந்தது. முடியைப் பறிகொடுத்தவளாக அவள் விம்மிக்கொண்டிருக்க, கீழே விசில் பறந்தது. “அழகுராணி, கிறுகி முதுகக் காட்டி நில்லுங்க, படம் எடுப்பம்” என்று ஒருவன் கத்தினான். கூட்டம் சிரித்தது. வதனி மிச்ச வசனங்களைச் சொல்லி முடித்தாள், ஆனால் அவை அவளுடைய காதிலேயே விழவில்லை.

வீட்டுக்கு வந்து ஒரு கிழமை யோசித்தாள். பிறகு சலூனில் போய்க் கூந்தலைக் காதளவுக்கு வெட்டிக்கொண்டு வந்தாள்.

கண்ணகை வாசலில் நின்று பார்த்தாள். “கோயிலுக்கு ஏதும் நேர்த்தியா மகள்?”

“இல்லம்மா. நாடகத்துக்கு.”

“நாடகத்துக்கு” என்று திருப்பிச் சொன்ன தாய், வெகு நாள் அவளோடு சரியாகக் கதைக்கவில்லை. புடவைக்கடைக்காரர் தொலைபேசியிலேயே கணக்கை முடித்துக்கொண்டார். வதனிக்குப் பயம் வந்தது. வெட்டியது திரும்ப வளர எத்தனை காலமாகும் என்று கண்ணாடியைப் பார்த்து எண்ணிய நாட்களும் உண்டு.

அடுத்த மேடை ஏறாவூரில். இம்முறை முக்காடு விழுந்ததும் மண்டபத்தில் மூச்சுச் சத்தமும் கேட்கவில்லை. வதனி அழுதாள். பெண்கள் பக்கத்திலிருந்தும் விசும்பல் எழுந்தது. நடிப்பு வந்துவிட்டது என்ற பூரிப்போடு உள்ளே போனவளைத் தேடி ஸாலிஹா வந்தாள். அவளை வதனி பார்ப்பது அதுதான் முதல் தடவை.

“நல்லா அழுதீங்க தங்கச்சி,” என்றாள் ஸாலிஹா. “ஆனா நான் அப்ப அழல்ல.”

“என்ன செஞ்சீங்க ராத்தா?”

ஸாலிஹா சுற்றிலும் பார்த்துவிட்டுக் கதிரையை இழுத்துப் போட்டு உட்கார்ந்தாள். “அந்த வீட்டில மாசத்துக்கு ஒரு ஷம்போ போத்தல் தருவாங்க. முடிய வெட்டின பொறகு குளிக்கப் போனா, ஒரு துளி போதுமா இருந்திச்சி. என்னோட ஒரு இந்தோனேசியக்காரி இருந்தா. அவ போத்தலத் தூக்கிக் காட்டி, இது இனி ஊருக்குப் போகுமட்டும் காணும், வேற வேணாம் எண்டு கையால சொன்னா. எங்களுக்குச் சிரிப்பு அடங்கல்ல. மேடத்துக்குக் கேட்டிரும் எண்டு பைப்பத் திறந்து விட்டுட்டுச் சிரிச்சம்.”

சொல்லும்போதே அவளுக்குச் சிரிப்பு வந்தது. வதனிக்கும் வந்தது, ஆனால் சிரித்த கையோடு கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

காட்சியை மாற்ற வேண்டும் என்று அவள் சொன்னபோது ஸுஹைனா டீச்சர் சம்மதிக்கவில்லை. “சனம் சிரிச்சிட்டா கத போயிரும் வதனி. இப்பத்தான் அழுகிறாங்க.”

“போகாது டீச்சர். எனக்கும் முதல்ல சிரிப்புத்தான் வந்தது.” யாரோ நிறுத்திய இடத்தில் நின்று பழகியவள், அன்று பொழுது சாயும் வரை விட்டுக்கொடுக்காமல் வாதாடினாள். கடைசியில் டீச்சர், “சரி, ஒருக்காச் செஞ்சு பார்ப்பம்” என்றார்.

செய்து பார்த்தது கல்குடாவில், மீனவக் குடும்பங்கள் மணலில் உட்கார்ந்து பார்த்த மேடையில். இந்தோனேசியக்காரியாக நடித்தவள் போத்தலைத் தூக்கிக் காட்ட, வதனி கண்ணைச் சிமிட்டியதும் முன்வரிசைப் பெண்ணொருத்தி களுக்கென்று சிரித்தாள். சிரிப்பு பின்வரிசை வரை ஓடியது. பிறகு தண்ணீர்ச் சத்தம். அந்தச் சத்தத்துக்குள் முகத்தைப் பொத்திக்கொண்டு வதனி குலுங்கியபோது, சிரிப்பு அங்கொன்றும் இங்கொன்றுமாகக் குறைந்து, கடைசியில் கடல் மட்டும் கேட்டது. அந்த அமைதியை அவள் அவசரப்பட்டுக் கலைக்கவில்லை. அவர்கள் பார்ப்பது தன்னை அல்ல என்று அவளுக்குத் தெரிந்தது. அது அவளுக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது.

இப்போது வதனிக்கு முப்பத்திரண்டு வயது. தரகர், கிராம சேவகர், பல்லுப் போன கடன்காரி என்று சிரிப்புப் பாத்திரங்கள்தான் அவளைத் தேடி வருகின்றன. கிழமை நாட்களில் தையல் வேலையும் செய்கிறாள், நாடகத்தை மட்டும் நம்பி உலை வைக்க முடியாது. கண்ணகை சில மேடைகளுக்கு வருகிறாள், நல்லது கெட்டது எதையும் சொல்வதில்லை, ஆனால் கதை முடியுமுன் எழுந்ததும் இல்லை. அறிவிப்பாளர்கள் இன்றும் “முன்னாள் அழகுராணி” என்றே அழைக்கிறார்கள். அவள் திருத்துவதில்லை. அதுவும் நடந்ததுதானே என்பாள்.

ஏறாவூரில் பெண்களுக்கு மட்டுமான காட்சிகள் வைக்கும்போது, அந்த இந்தோனேசியக்காரியாக ஸாலிஹாவே மேடைக்கு வருகிறாள். ஒத்திகையில் சொன்னதை அவள் ஒருநாளும் அப்படியே செய்ததில்லை. போத்தலைத் தூக்கும்போது ஒவ்வொரு முறையும் புதிதாக ஏதாவது கோணங்கி பண்ணுவாள். அந்த நாட்களில் வதனிக்குத் தன் வசனத்தைத் தவறவிடாமல் பிடித்துக்கொள்வதே பெரும்பாடு.